முப்பத்தேழு

நடைக்குக் கட்டணம் நானூற்றைம்பது,
இட்லி வடை உட்பட.
சட்டையில் ஒட்டிக்கொள்ள ஒரு மஞ்சள் வட்டம்,
அதில் ஸ்கெட்ச் பேனாவால் என் பெயர்: ஸ்டெல்லா.
சேஷாத்ரி சாலை ஓரம்
ஞாயிற்றுக்கிழமை காலை பதினெட்டுப் பேர்
ஜெயிலுக்குள் போக வரிசையில் நின்றோம்.

வழிகாட்டி நிஷ்சலுக்கு இருபத்தாறு இருக்கும்.
கழுத்தில் தொங்கும் சின்ன ஸ்பீக்கர்.
"சார்ஜ் தீர்றதுக்குள்ள
எமர்ஜென்சிய முடிக்கணும்" என்று சிரித்தான்.
நல்ல பையன். தேதிகளில் பிழையில்லை.

நடுக் கோபுரத்தில் நின்றால்
எல்லா பேரக்கும் தெரியும் என்றான்.
தெரியாது.
மூன்றாவதின் பின்சுவர் தெரியாது.
அங்கேதான் பீடி பிடிப்பார்கள்.
அப்பா இந்த இடத்தைப் பற்றி என்னிடம் சொன்னது
அது ஒன்றுதான்.

மதிலுக்கு அந்தப் பக்கம்
அங்கன்வாடிப் பெண்களின் மைக் கரகரத்தது.
ஊரில் போராட அனுமதி இங்கேதான் என்றான் நிஷ்சல்.
அவன் ஸ்பீக்கர் தோற்றுப்போய்
ஒரு நிமிஷம் சும்மா நின்றோம்.

பிறகு கேட்டான்:
உங்களில் யாருக்காவது
இங்கே இருந்த சொந்தம் உண்டா?

மங்கி கேப்பும் வெள்ளைக் கேன்வாஸ் ஷூவுமாக ஒரு பெரியவர்
"சொந்தம் இல்லப்பா, நானே" என்றார்.
பதினாலு மாதம்.
எல்லோரும் கைதட்டினார்கள்.
தட்டி ஓயுமுன் என் கையும்
தோள் உயரத்துக்கு வந்துவிட்டது.
ஏனென்று இப்போதும் தெரியாது.
"அப்பா" என்றேன்.
எனக்கும் தட்டினார்கள்.
கூலிங்கிளாஸ் பெண்ணொருத்தி
என் முழங்கையைத் தொட்டு
பெருமையா இருக்கு ஆன்ட்டி என்றாள்.

அப்பா, மதலைமுத்து, வார்டர்.
இரவு டியூட்டி முடிந்து வந்தால்
பெல்ட்டைக் கழற்றுமுன் எங்களை எண்ணுவார்.
அம்மா, நான், தம்பி, படிக்கட்டில் பூனை.
சரியாக இருந்தால்தான் காபி.
ஞாயிறு பூசையில்
பெஞ்சு பெஞ்சாகக் கண் நகர
அவர் உதடு அசையும்.
ஜெபம் என்று நினைத்திருந்தேன்.

எமர்ஜென்சியில் வந்தவர்கள்
வேறு மாதிரி ஆட்களாம்.
பேப்பர் கேட்பார்களாம்,
அவரைக்கூட 'நீவு' என்பார்களாம், மரியாதையாக.
"என்னை ஒருத்தன் நீங்கங்கிறான்,
அவனைப் பூட்டிட்டு வரேன்"
என்று அம்மாவிடம் சொன்னது
போர்வைக்குள் எனக்குக் கேட்டது.
அடித்தும் இருப்பாரா?
கேட்டதில்லை.
அவர் போயே பத்தொன்பது வருஷம் ஆகிறது.

பாக்குமட்டைத் தட்டில்
சட்னி ஊற்றிக்கொண்டிருந்தேன்.
பெரியவர் பக்கத்தில் வந்து நின்றார்.
புட்டராஜு என்றது மஞ்சள் வட்டம்.
கன்னடத்தில் கேட்டார்:
"உங்க அப்பா எந்த பேரக்கும்மா?"

வடையைப் பிட்டேன். ஆறிப்போயிருந்தது.
"எல்லாம்" என்றேன்.

மெல்லுவதை நிறுத்தினார்.
என் மூக்கில், புருவத்தில்
ஏதோ தேடினார்.
டார்ச்சுக்குப் பின்னால் இருந்த முகம்
உள்ளே படுத்திருந்தவருக்கு எப்படித் தெரியும்,
ஐம்பது வருஷம் கழித்து?

"ஒருத்தர் தமிழ்ல எண்ணுவார்" என்றார்.
"முப்பத்தேழுல தடுமாறுவார், தினம்.
மறுபடி ஒண்ணுலேர்ந்து.
அதுவரைக்கும் கதவு திறந்திருக்கும், காத்து வரும்.
வேணும்னே செய்யறான்னு சிலர்,
கணக்கு வராதவன்னு சிலர்."
இன்னொரு இட்லி எடுக்கப் போனார்.
திரும்பி வரவில்லை.

அது அப்பாதானா, தெரியவில்லை.
எங்கள் வீட்டில்
நாலுக்கு மேல் எண்ணத் தேவைப்பட்டதில்லை.

வெளிவாசலில்
சிவப்புச் சேலைகள் இன்னும் வந்துகொண்டிருந்தன,
தூக்குவாளியும் தண்ணீர் பாட்டிலுமாக.
ஒரு போலீஸ்காரப் பெண்
அவர்களை எண்ணிக்கொண்டிருந்தாள், உதடு அசைய.
அவளைத் தாண்டும்போது
என்னையும் சேர்த்துவிட்டாள் என்று தோன்றியது.
சொல்லலாமா என்று நின்றேன்.
மெஜஸ்டிக் பஸ் வந்துவிட்டது.