துண்டுக்கு டிக்கெட் கிடையாது

தருமபுரி புறநகர் பஸ் நிலையத்தில்
வண்டி நிற்கும் முன்பே ஜன்னல் வழியாக
உள்ளே விழும் துண்டுகளை
இருபத்தாறு வருஷமாகப் பார்க்கிறேன்.
துண்டு, கைக்குட்டை, மஞ்சப்பை, கல்லூரி நோட்டு,
ஒரு தடவை ஒற்றைச் செருப்பு.
முண்டியடித்துப் படியேறி வந்தவள்
கம்பியைப் பிடித்தபடி நிற்பாள்.
துண்டுக்காரன் டீ குடித்து, வாய் கொப்பளித்து,
சாவகாசமாக வருவான்.
பஞ்சாயத்து என்னிடம்.
"துண்டுக்கு டிக்கெட் கிடையாது. நீ உக்காரும்மா."
இந்த ஒரு தீர்ப்பை
நான் மாற்றிச் சொன்னதே இல்லை.

சங்கத்தின் கோரிக்கைப் பட்டியலை எழுதியதும் நான்தான்.
பதினேழாவது கோரிக்கை:
காலியாகும் இடங்களில் நூற்றுக்குப் பத்து
தொழிலாளர் பிள்ளைகளுக்கு.
கை நடுங்கவில்லை.
யுகேந்திரன் கண்டக்டர் லைசென்ஸ் எடுத்து
பீரோவில் வைத்து மூன்று வருஷம்.
சம்பளத்தில் நாங்கள் கொஞ்சம் இறங்கினோம்,
நிர்வாகம் கையெழுத்துப் போட்டது.
டிப்போ வாசலில் கேசரி.

ஆறாம் மாதம் நோட்டீஸ்.
மனுதாரர் தீ. மாதேஸ்வரி, வயது முப்பத்திரண்டு, நல்லானூர்.
அப்பா தீர்த்தகிரி, கல் குவாரி.
அம்மாவுக்குப் புளி தட்டும் கூலி.
வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்து
நான்கு முறை புதுப்பித்த அட்டையின் நகல்,
இணைப்பு மூன்று.

ஐகோர்ட்டில் எங்கள் வக்கீல்
பெரியண்ணனைச் சொன்னார்.
தொப்பூர் கணவாயில் பிரேக் பிடிக்காத லாரி
அவன் பக்கமாகத்தான் மோதியது,
அவன் அப்படித்தான் வளைத்திருந்தான்.
நாற்பத்தொரு பயணிகளும் வீடு போனார்கள்.
அவன் மனைவி கோவிந்தி இன்று
டிப்போவில் வசூல் எண்ணுகிறாள்.
"அதைப் போலத்தானே இதுவும்?"

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார்.
"அது விழுந்த வீட்டுக்கு முட்டுக்கொடுப்பது.
நீங்கள் கேட்பது
நிற்கிற வீட்டுக்கு மாடி."
பதினாறாவது பிரிவை வாசித்தார்.
மதம், இனம், சாதி, பால் என்று
ஸ்டாப்பிங் ஸ்டாப்பிங்காகப் போன குரல்
வம்சாவழி என்ற இடத்தில் நின்றது.
இறங்க வேண்டியவர்கள் நாங்கள்.

இரவு வீட்டில் சொன்னேன்.
தட்டிலிருந்து தலை நிமிராமல்
யுகேந்திரன் கேட்டான்:
"அப்ப, நீ சர்வீஸ்ல செத்தாத்தான் எனக்கு வேலை?"
அவன் அம்மா கரண்டியை ஓங்கினாள்.
நான் சிரித்துவிட்டேன்.
இரண்டு நாள் கழித்து
அதகப்பாடி வளைவில், படிக்கட்டில்,
அந்தக் கேள்வி என் பக்கத்தில்
தொங்கிக்கொண்டு வந்தது.

வெள்ளிக்கிழமை, ஒகேனக்கல் கடைசி நடை.
பிதுங்கும் கூட்டத்தில் அவள் ஏறினாள்.
கோர்ட்டில் பின்வரிசையில் நின்ற என்னை
அவளுக்கு அடையாளம் தெரிந்ததோ என்னவோ.
ஓட்டுநருக்குப் பின்னால் ஜன்னல் சீட் ஒன்று காலி.
அதில் சிவப்புக் கரை போட்ட துண்டு.
எங்கள் கிளைச் செயலாளருடையது.
கீழே பீடா மடித்துக்கொண்டிருந்தார்.

"நிக்கிறேன் சார், பரவால்ல" என்றாள்.
பேசும்போது தெரிந்தன
பழுப்பேறிய பற்கள். என்னுடையவை போலவே.
இந்த ஜில்லாத் தண்ணீர்
எந்தப் பட்டியலையும் பார்த்துக் கொடுத்ததில்லை.

துண்டை எடுத்து மடித்துக்
கம்பியில் போட்டேன்.
செயலாளர் ஏறி வந்து பார்த்தார்,
கம்பியை, அவளை, என்னை.
"மாதையா, நீயுமா?"
சொல்ல வேண்டிய வசனம்
இருபத்தாறு வருஷமாக வாயில் இருப்பது.
வரவில்லை.
விசில் கொடுத்தேன்.

தீர்ப்பு சரிதான் என்று
சங்கத்தில் நான் இதுவரை சொன்னதில்லை.
சொல்வேனா, தெரியாது.
யுகேந்திரன் ஓசூரில் கம்பெனி வேலைக்குப் போகிறான்,
காண்ட்ராக்ட், எட்டு மாதம் எழுதியிருக்கிறார்கள்.

இண்டூர் தாண்டியதும்
கூட்டத்துக்கு மேலாகக் கையை உயர்த்தி அவள்
டிக்கெட்டின் பின்பக்கத்தைக் காட்டினாள்.
"சார், மீதி ரெண்டு ரூபா."
என் கையெழுத்துதான்.
பையைத் துழாவிக் கொடுத்தேன்.
எண்ணிப் பார்த்துத்தான்
முடிந்துகொண்டாள்.