குறைந்தபட்சம் முப்பது வினாடி

லண்டன்காரர்களின் பட்டியலில்
வினாடிக்கு நாற்பத்தைந்து பவுண்டு.
எங்களுக்கு வேண்டியது பதினொன்று.
முப்பதுக்குக் குறைந்து விற்பதில்லையாம்,
சேலையில் முந்தானையை மட்டும்
வெட்டித் தராத கடைபோல.

அட்டையில் இவ்வளவுதான்:
இந்தியர் திருவிழா, டர்பன், 1956.
கறுப்பு வெள்ளை. ஒலி இல்லை.
பூசாரி, கூட்டம், கடைத்தெரு, பேருந்து.
பெயர் என்ற கட்டத்தில் ஒரு கோடு.

மின்வெட்டுக்கு முன் இறக்கிவிட
ஓவர்போர்ட் மாடி வீட்டில் விழித்திருந்தேன்.
பார்வைப் பிரதி வந்தது.
முகங்களின் குறுக்கே நிறுவனத்தின் பெயர்
சாம்பல் நிறத்தில், பட்டையாக.
திருநீறு என்றுதான் முதலில் நினைத்தேன்.

பூசாரியின் மகளைக் கண்டுபிடிக்க ஐந்து வாரம்.
தேவராணி மூட்லி, சாட்ஸ்வர்த்.
சட்டைத் தொழிற்சாலையில் முப்பத்தோரு வருடம்
பித்தான் சரிபார்த்த கண்.
மூன்று முறை பார்த்தார்.
ஒப்புதல் படிவத்தைத் தள்ளிவைத்தார்.
இது என் அப்பா இல்லை.
மூக்கு?
மூக்கு அவருடையதுதான்.
ஆங்கிலமாகவே பேசியவர்
ஒரே ஒரு சொல்லுக்குத் தமிழுக்கு வந்தார்:
அவர் யாருக்கும் விபூதி கொடுத்ததில்லை,
பீச்சாங்கையால்.

அன்றிரவு பூபாலன் ஒவ்வொரு சட்டமாக நகர்த்த,
கூட்டம் விலகிய நொடியில்
பின்னால் ஒரு கடைப்பலகை.
அவனுக்குத் தமிழ் படிக்க வராது, அது கோலம்.
எனக்குச் சனிக்கிழமைப் பள்ளித் தமிழ்.
கூட்டிப் பார்த்தேன். கூடவில்லை.
கொம்பு எழுத்துக்குப் பின்னால் நின்றது.
சுழிகள் எதிர்ப்பக்கம் சுழன்றன.

சுருளைப் புறம் மாற்றிப் போட்டு
நகலெடுத்திருக்கிறார்கள்.
எத்தனை வருடம், எத்தனை படத்துக்கு
எங்கள் தெருவை இடவலம் மாற்றி விற்றார்களோ.
அத்தனை வருடமும் கூட்டம்
கோயிலை அப்பிரதட்சணமாகச் சுற்றியிருக்கிறது.
வாங்கியவர் ஒருவருக்கும் உறுத்தவில்லை.

எழுதினேன். மரியாதையாகப் பதில் வந்தது:
மறுநகலுக்குக் கட்டணம் தனி.
நாங்களே திருப்பிக்கொள்ளலாமா?
ஒன்பதாம் விதி: படத்தை மாற்றக் கூடாது.
நேராக்குவது மாற்றுவதா?
வழக்கறிஞரைக் கேட்டுச் சொல்கிறோம்.

பூபாலன் காத்திருக்கவில்லை.
ஒரே தட்டு.
செட்டியார் பித்தளைக் கடை என்றது பலகை.
அவர் வலக்கை நீண்டது.

தேவராணி பார்த்தார். ஒன்றும் சொல்லவில்லை.
படிவத்தை இழுத்துக் கையெழுத்திட்டார்,
இடக்கையால்.
இதற்காக எவ்வளவு அடி வாங்கியிருக்கிறேன் தெரியுமா.

பிறகு மீதிப் பத்தொன்பது வினாடியைக் கேட்டார்.
ஓட்டிக் காட்டினேன்.
பேருந்தின் பக்கவாட்டு, நீளமாக, எழுத்தில்லாமல்.
அது நகர்ந்ததும் ஒரு சிறுமி
நம்மைப் பார்த்து ஏதோ சொல்ல வாயெடுக்கிறாள்.
சுருள் தீர்கிறது.
நீங்களா?
இல்லை. அன்று எனக்கு அம்மை போட்டிருந்தது,
உள்ளறையில் கிடந்தேன்.

பணம் கட்டியாயிற்று, படத்தில் சேர்க்கப்போவதும் இல்லை,
அதை எனக்குக் கொடுத்துவிடேன் என்றார்.

உரிமத்தைத் திரும்பப் படித்தேன்.
திரையரங்கு, தொலைக்காட்சி, இணையம், விமானம்.
சாட்ஸ்வர்த்தில் ஒரு வீடு என்று
கட்டம் எதுவும் இல்லை.