சாம்பல் பூச்சு

ஜூரோங் கடலோரம், அறுபத்து நாலு.
உடைக்க வந்த கப்பலுக்குப் பனாமாப் பெயர்,
வாயில் நுழையவில்லை.
சுரண்டினால் ஒரு கிரேக்கப் பெயர்.
அதற்கும் கீழே, உளி கொத்திய புள்ளிகளாய்,
எஸ்.எஸ். கார்வென் ஹில், சண்டர்லாந்து.

கேஸ் பற்றவைக்குமுன் பூச்சைப் பார்ப்பது என் வழக்கம்.
மேலே பச்சை. அடியில் கறுப்பு.
பிறகு ஒரு வெள்ளை, எதற்கென்று தெரியவில்லை.
கடைசியாய்ச் சாம்பல், சண்டைக்காலத்துச் சாம்பல்.
அதில் மட்டும் வடிந்த துளிகள்
வடிந்தபடியே காய்ந்திருந்தன.
அவ்வளவு அவசரம்.

நாலாம் அறையின் இடப்பக்கம் பெரிய ஒட்டு.
டார்பிடோ என்றார் மண்டோர்.
துறைச்சுவரில் இடித்திருக்கும் என்றான் கியாட் ஹோ.
ஆளுக்கு ஐம்பது காசு பந்தயம்;
தீர்ப்புச் சொல்ல யாருமில்லை.

கொதிகலன் அறையில், கரி தள்ளும் வாசலுக்கு மேல்
ஆணியால் கீறிய கோடுகள்:
ஐந்தைந்தாய் எட்டுக் கட்டு, மேலே ஒன்று.
பக்கத்தில் ஒரு பெயர்,
எனக்குத் தெரியாத எழுத்தில்.
வங்காளமாக இருக்கலாம்.
ஒரு பீடி முடியும்வரை பார்த்தேன்.
பிறகு அறுத்தேன், பெயரின் குறுக்கே.
சுற்றிப் போனால் நேரமாகும்;
கூலி தகட்டுக்கு.

உருக்காலை அங்கிருந்து அரை மைல்.
கம்பியாகி எங்கெங்கே போனதோ.

அறுபத்தேழில் தோ பாயோவில் வீடு கிடைத்தது,
ஒன்பதாம் மாடி.
காலண்டர் மாட்ட அருளாயி அடித்த ஆணி
பாதியில் நின்று வளைந்தது.
இன்னொன்றும் வளைந்தது.
"உள்ளே என்னங்க இருக்கு?"
சுவரில் காதை வைத்தேன்.
அவளுக்குச் சிரிப்பு அடங்கவில்லை.

காலண்டரைக் கதவில் மாட்டினோம்.