பதினெட்டு கிராம்

பத்தாங் பெர்ஜுந்தை தபால் நிலையம்,
இரண்டாம் முகப்பு. நான்தான்.
ஆகஸ்டில் என் கையால் ஒட்டிய சுற்றறிக்கை:
குவைத்துக்குத் தபால் ஏற்பதில்லை.

ஒவ்வொரு சம்பள நாளும்
ஒட்டுப்பால் வாடையோடு வரிசையில் நிற்பார் தங்கப்பிரகாசம்.
"இன்னிக்கு எடுப்பீங்களா?"
கையில் அதே உறை,
ஒரு மூலையில் எதுவோ துருத்திக்கொண்டு.

அங்கே ரொட்டிக்கடைக்கு வேன் ஓட்டியவர்.
டாங்கிகள் வந்த மூன்றாம் வாரம்
பாலைவனம் தாண்டி, அம்மானில் விமானம் ஏறி,
இப்போது மறுபடி
விடியுமுன் பால்மரம் வெட்டுகிறார்.

முப்பதுக்கும் மேற்பட்ட நாடுகளாம்.
ஐ.நா.வில் நம் நாடும் கை தூக்கியதாம்.
தைப்பூசக் காவடிகள் ஏறி இறங்கின,
குண்டுகள் நிற்கவில்லை.
பிறகு தரைப்படை. நூறு மணி நேரம்.
தோட்டத்தில் அந்த வாரம்
இரண்டு நாள் மழை, வேலையில்லை.

ஆ செங் கடைத் தொலைக்காட்சியில்
புகைக்குள் நகரம் தெரிந்தது.
ஒருவன் கைதட்டினான்,
ஒருவன் காறித் துப்பினான்.
இவர் திரையருகே போய் விரல் வைத்தார்:
"இந்தத் தண்ணி டாங்கிக்குப் பின்னாலதான் கடை."

ஏப்ரலில் சுற்றறிக்கையைக் கிழித்தேன்.
பசை போகவில்லை.

உறையைத் தராசில் வைத்தேன். பதினெட்டு கிராம்.
"உள்ள என்னா?"
"வேன் சாவி."
"வேனு?"
"அத அவனுங்க அப்பவே ஓட்டிட்டுப் போயிட்டானுங்க,
சாவி இல்லாமலே."

பதிவுத் தபால் படிவத்தில்
மதிப்பு என்று ஒரு கட்டம்.
இருவரும் அதையே பார்த்துக்கொண்டிருந்தோம்.
பின்னால் யாரோ செருமினார்கள்.