சுகிர்தனுக்கு இரண்டு தொண்டை

உவர்மலையில், மெத்தை அடித்த சுவர்களுக்குள்
மின்விசிறியை நிறுத்திவிட்டுத்தான் பேச வேண்டும்.
மே மாதத்தில்
பன்னிரண்டு வயதுப் பையனாக இருப்பது
வியர்வைத் தொழில்.

ஜப்பானில் அவன் பெயர் சொகிச்சி.
சுகிர்தன் ஆக்கியது கொழும்புக் கம்பெனி.
வசனம் என்னுடையது.
அடிவாங்கும்போது வரும் "ஹக்",
மலையேறும் இரைப்பு, விக்கல், கொட்டாவி
இவற்றுக்குத் தனிக்காசு இல்லையென்று
அசலையே விட்டுவிடுவார்கள்.
ஆகவே கோபம் தமிழில் வரும்.
நோவு அவளுடையது.

அவள் குரமொச்சி ஃபுசாயெ.
முதல் நாற்பது பாகம்
ஒரு பையன்தான் பேசுகிறான் என்றிருந்தேன்.
பிறகு ஓர் இருமல்,
யாரோ வெட்ட மறந்தது,
ஹெட்போனுக்குள் விழுந்தது. பெண்.
கண்ணாடிக்கு அப்பால் ஹில்மி சிரித்தான்:
"ஏனக்கா, நீங்களும் பொம்பிளதானே?"

இந்த ஊருக்கு ஜப்பான்
முதலில் விமானச் சத்தமாக வந்தது.
சீனக்குடாவில் எரிந்த எண்ணெய்த் தாங்கி
காட்டுக்குள் இன்னும் நெளிந்து கிடக்கிறது.
எனக்கு இருமலாக வந்தது.

கம்பெனி அனுப்பிய தாளில்
அவளுடைய நாற்பத்தாறு வருடம் பதினொரு வரி.
முதல் வேலை, சந்தையில் மூன்றாவது பெண்.
ஒரே சொல்: "மழை."
அடுத்த வருடம் வாத்து.
பிறகு பேசும் கேத்தல்.
ஒரே படத்தில் செத்துப்போகும் சிப்பாய்கள் ஏழு பேர்,
ஏழு விதமாக.
முப்பத்து மூன்றாம் வயதில் சொகிச்சி.
அதற்குக் கீழே வெள்ளைத் தாள்.

மிச்சம் என் காதில் இருக்கிறது.
அவளுடைய முப்பத்தொன்பது வருடத்தை
நான் பதினொன்றில் பேசி முடித்தேன்.
மூன்றரை மடங்கு வேகத்தில்
என் காதுக்குள் அவளுக்கு வயது போனது.
நான்காம் பருவத்தில் சிகரெட்டை விட்டாள்.
ஏழில் பல் கட்டினாள், 'ஸ' சீட்டியடித்தது.
ஒன்பதில் யாரோ இறந்திருக்க வேண்டும்:
பருவம் முழுக்கச் சிரிக்கிற காட்சிகள்,
ஒவ்வொரு சிரிப்பையும்
அரை நொடி முன்னதாகவே முடித்துக்கொண்டாள்.
பதினான்கில்
"இன்னும் நான் விழேல்ல!" என்ற அந்தக் கத்தல்
ஒரே மூச்சில் அவளுக்கு முடியவில்லை.
நடுவில் சின்னதாய் ஓர் உறிஞ்சல்.
நானும் அந்த இடத்தில் மூச்சு வாங்கினேன்.
கொழும்பிலிருந்து போன்: "என்ன, சுகமில்லையா?"
வாயசைவு அப்படி என்றேன். பொய்.
கோடுகளால் ஆனவனுக்கு மூச்சு வாங்காது.

உப்புவெளியில் சூடை மீனுக்குப் பேரம் பேசினால்
குரல் தானாகவே ஏறிவிடும்.
ஒருநாள் ஒரு பொடியன் சைக்கிளைச் சரித்துத்
திரும்பிப் பார்த்தான்.
என்னைத் தாண்டி, என் முதுகுக்குப் பின்னால்
தேடினான்.
ஐம்பது ரூபாய் குறைத்தார்கள், அது வேறு கதை.

கடைசிப் பாகம். சுகிர்தன் வீடு திரும்புகிறான்.
அவள் சொல்கிறாள், "ததைமா."
வீட்டுக்குள் நுழைகிறவர் சொல்வதாம்.
எங்களிடம் போகிறவருக்குத்தான் சொல் உண்டு:
போயிட்டு வாறன்.
சொல்லிவிட்டுப் போனவர்கள் இந்த ஊரில் நிறைய.
வருகிறவர் செருப்பைக் கழற்றுவார்,
பானையைத் திறந்து பார்ப்பார்.

"வந்துட்டன்", கடன்காரன் மாதிரி இருந்தது.
"அம்மா", வாய் இன்னும் அசைந்துகொண்டிருக்கிறது.
"நான்தான்", அது கதவுக்கு வெளியே நிற்பவன்.
அந்த நேரம் பார்த்து மா ஆலைக்கு வந்த கப்பல் ஊதியது.
நிறுத்தினோம்.
ஊதல் ஓய்ந்தும் ஏதோ சரசரப்பு:
வாசலில் மானொன்று
குப்பைப் பையைக் கிழித்துக்கொண்டிருந்தது.
ஹில்மி போய் விரட்டிவிட்டு வந்தான்.

அவளை மட்டும் இன்னொருமுறை போடச் சொன்னேன்.
சொல்லுக்கு முன்னால் ஒரு மூச்சு.
எழுபத்திரண்டு வயது,
படியேறி வந்து கைப்பிடியில் நிற்கிறது.
அதுவரைக்கும் அசல் இருக்கட்டும் என்றேன்.
அங்கிருந்து நான்,
அதே "வந்துட்டன்"தான், மெதுவாக.

"அக்கா, இது சுகிர்தன்ட குரல் இல்லையே?"

இல்லைத்தான்.
விசிறியைப் போடு என்றேன்.