வினைமுற்று

"முதலில் இந்த 'நான்'களை எடுத்துவிடு,
ரெஸ்யூமேயில் 'நான்' வரக்கூடாது"
என்கிறாள் லின்.
டான்டெனாங் நூலகம், மேல் மாடி,
செவ்வாய்க்கிழமை பத்தரை மணி,
வேலை தேடுவோருக்கு இலவசமாக அரைமணி நேரம்.
பேன் பார்ப்பதுபோல் அவள் பேனா
என் தாளில் ஒவ்வொரு 'நானை'யும்
தேடி எடுத்து நசுக்குகிறது.

நிர்வகித்தது, மேம்படுத்தியது, தலைமை தாங்கியது
யாரென்று சொல்லாமலே
ஆங்கிலத்தில் ஒரு ஆயுளை ஓட்டிவிடலாம் போல.
எனக்கு அது கைவரவில்லை.
என் மொழியில் வினையின் வாலைப் பிடித்துக்கொண்டு
ஒருத்தி தொங்குகிறாள்:
பார்த்தேன். அளந்தேன். எழுதினேன்.
'நான்' என்பதை வெட்டிப் போட்டாலும்
கடைசியில் ஒரு 'ஏன்'
மிச்சமிருக்கிறது.

பதினோரு வருடம்,
பவானிப் பக்கம் ஒரு பால் கூட்டுறவுச் சங்கத்தில்
ஆய்வுக்கூடம்.
விடிகாலை நாலரைக்கு முதல் கேன் வரும்.
"ஒரு நாளைக்கு எத்தனை சாம்பிள்?"
நூற்றி நாற்பது.
"வருடத்துக்கு எத்தனை நாள்?"
மாடுகளுக்கு ஞாயிறு கிடையாது என்றேன்.
கைபேசியில் பெருக்கினாள்.
"ஐம்பத்தோராயிரத்து நூறு!
பார், எவ்வளவு கம்பீரமாக இருக்கிறது!"
எண்ணைப் பார்த்ததும்
எனக்குத் தோள்பட்டைதான் வலித்தது.

"இந்த மூன்று வருடம் காலியாக இருக்கிறதே?"

காலி இல்லை லின்.
அதில் ஒரு விசா இருக்கிறது, ஒரு சிசேரியன்,
ஒரே ரவுண்டானாவில் மூன்று முறை தோற்ற
டிரைவிங் டெஸ்ட்,
ஜூன் மாதம்தான் குளிர்காலம் என்று
தோலுக்குப் புரியவைத்த பாடு.
சூப்பர் மார்க்கெட்டில் இரண்டு லிட்டர் பாலை
வெளிச்சத்துக்குத் தூக்கிப் பார்த்து
திரும்ப வைத்த நாட்களும் உண்டு,
அதற்கு யாரும் சம்பளம் தரவில்லை.

'குடும்பப் பொறுப்புகள்' என்று எழுதினாள்.
இரண்டே சொல்.

"சரி, ஒரு சாதனை சொல். எண்ணோடு."

ஒன்று.
ஒரு கேன். நாற்பது லிட்டர்.
சங்கத் தலைவரின் மைத்துனர் வீட்டுப் பால்.
சோதனைக்குழாய் மஞ்சளாகத் திரும்பியது.
யூரியா.
திருப்பி அனுப்பினேன்.
அடுத்த வாரம் என்னையும்
அந்தியூருக்குத் திருப்பி அனுப்பினார்கள்.

"அதனால் சங்கத்துக்கு எத்தனை சதவிகிதம் லாபம்?"

நஷ்டம்தான்.
அவரும் அவர் தெருவில் இருபது வீடும்
மூன்று மாதம் பால் ஊற்றவில்லை.

லின் ஜன்னலைப் பார்த்தாள்.
கீழே ஒரு பஸ், கதவைத் திறந்து, யாரையும் ஏற்றாமல்
மூடிக்கொண்டு போனது.
"இதை 'தர விதிகளை உறுதிசெய்தல்' என்று போடலாம்"
என்றாள் மெதுவாக.
போட்டேன். இஸ்திரி போட்ட சட்டை மாதிரி
விறைப்பாக இருந்தது,
உள்ளே ஆளைத்தான் காணோம்.
இரண்டு பக்கம். பக்கத்துக்கு இருபது சென்ட்.

கீஸ்பரோவில் ஒரு தயிர் ஃபேக்டரி,
விண்ணப்பம் இன்று இரவு பன்னிரண்டு வரை.
பையன் தூங்கியபின் லேப்டாப்பைத் திறந்தேன்.
லின் நல்லவள், அவள் சொன்ன எதையும் அழிக்கவில்லை.
அடியில் ஒரு வரி சேர்த்தேன்,
எதையும் பெருக்காமல்:
ஒரு கேன் பாலைத் திருப்பி அனுப்பினேன்.

'நான்' போட்டேதான் எழுதினேன்.
ஆங்கிலத்தில் அது
எங்கே வந்தாலும் பெரிய எழுத்து,
நல்ல பாலில் நிற்கும் லாக்டோமீட்டர் மாதிரி
நெட்டுக்குத்தாக, தனியாக நிற்கிறது.

பதினொன்று ஐம்பத்திரண்டுக்கு அனுப்பினேன்.
கூப்பிட்டு 'ஏன்' என்று கேட்டால்
சொல்வேன்.