ஈரம் காயவில்லை

நான் கட்டிய ஊர்கள் எதற்கும் கூரை கிடையாது.
விளக்குகள் தொங்க வேண்டிய இடம் அது.
வித்தோஷா மலையடியில் பனி கொட்டும் மாதங்களில்
பாக்தாத் கடைத்தெருவைத் தார்ப்பாய் போட்டு மூடுவோம்.
ப்ரூக்ளின் படிக்கட்டைத்
தச்சன் மெத்தோதி துடைப்பத்தால் பெருக்குவான்.
இரண்டு ஊருக்கும் நான் போனதில்லை.

முதல் வேலை, எண்பத்து மூன்றில்:
ஒரு காவல் நிலையச் சுவருக்கு
இருபது வருடச் சிகரெட் புகை ஏற்ற வேண்டும்.
தேயிலைச் சாறும் விளக்குக் கரியும் கலந்து
மேலிருந்து கீழாக அடித்தேன்.
பார்வையிட வந்த அதிகாரி மூக்கை உறிஞ்சி
"யார் இங்கே புகைத்தது?" என்றார்.
அதைவிடப் பெரிய விருது எதுவும்
இதுவரை வரவில்லை.

கல்லுக்குப் பாசி வேண்டுமா, தயிர் பூசு.
நிழலில் வை. பொறு.
எங்கள் நாட்டில் தயிருக்குப் பஞ்சமில்லை.
தயாரிப்பாளர்கள்தான் மூன்றாம் நாளே
பச்சை பெயிண்டோடு வந்து நிற்பார்கள்.

பதினோரு வாரம் இழைத்த ஒரு வரவேற்பறை.
கையால் அச்சிட்ட சுவர்க் காகிதம்,
யாரும் திறக்காத இழுப்பறைக்குள்
மடித்து வைத்த கைக்குட்டைகள்.
திரையில் வந்தது கதாநாயகனின் காது.
காதுக்குப் பின்னால், மங்கலாக,
ஏதோ நீலம்.

கமென் பெட்டியோடு வாசலில் நின்று சொன்னான்:
"இந்த வீட்டில் எந்தச் சுவரையும்
உருட்டி நகர்த்த முடியாது, ராலித்சா."
உண்மைதான். செட்டில்
சுவருக்குச் சுவர் சக்கரம் வைத்திருப்பேன்.
லூலினில் எட்டாவது மாடி,
குளியலறைக் கூரையில் ஒரு கசிவுக் கறை.
அண்ணாந்து பார்ப்பேன்:
ஓரம் ரொம்பத் தெளிவு, மஞ்சள் கொஞ்சம் தூக்கல்.
ஸ்னெஜினா இப்படிப் போட்டிருந்தால்
அழிக்கச் சொல்லியிருப்பேன்.

அப்புறம் அந்த லண்டன் தெரு.
பதினேழு வீடு, ஒரு வங்கி.
முன்னால் செங்கல், பின்னால் முட்டுக்கட்டையும் சேறும்.
வியாழன் இரவு கொளுத்த வேண்டும், உச்சக்காட்சி.
செவ்வாய் காலை ஸ்னெஜினா
பேசாமல் என் கையைப் பிடித்து இழுத்துப் போனாள்.
வங்கிக் கதவுக்குப் பின்னால் சாக்கின் மேல்
காதில் மஞ்சள் வில்லை குத்திய தெருநாய்.
கண் திறக்காத ஐந்து குட்டி.

நான் கட்டிய வீடுகளில்
நிஜமாகவே குடிவந்தவள் அவள் ஒருத்திதான்.
தூக்கப் போன மெத்தோதியின் கட்டைவிரலில்
நாலு பல்.

தயாரிப்பாளருக்கு போன் போட்டேன்.
"ஈரம் காயவில்லை."
"எரிக்கப் போகிற சுவருக்கு எதற்குக் காயணும்?"
"சீராக எரியாது. திட்டுத் திட்டாய்த் தெரியும்."
ஆயுசில் நான் செய்த போலிகளிலேயே
மட்டமானது அந்தப் பொய்தான்.
இரண்டு நாள் கொடுத்தார்.
அந்தக் கம்பெனி பிறகு என்னைக் கூப்பிடவில்லை.

இரண்டாம் நாள் இரவு, எந்த மனக்கணக்கில் என்று தெரியாது,
பிடரியைக் கவ்வி ஒவ்வொன்றாய்
அவளே தூக்கி வந்தாள்
ஜெனரேட்டர் வண்டிக்கு அடியில்
நாங்கள் வைத்த அட்டைப்பெட்டிக்கு.

படத்தில் அந்தத் தீ ஆறு நொடி.
நன்றாகவே எரிகிறது, ஒரே சீராக.
எப்போது போட்டாலும் நான் இடது ஓரத்தைப் பார்க்கிறேன்.
சட்டகம் முடிந்த பிறகு,
டிவியின் பிளாஸ்டிக் விளிம்பும் முடிந்த பிறகு,
என் சுவரில்,
வண்டி நின்ற இடத்தை.